ரொட்டிக்காரர் வழி

மாலை ஆறே முக்கால்.

ஆள் நடமாட்டமில்லாத மண் சாலை. ஓரத்தில் பூட்டிய இரும்புக் கேட். கேட்டுக்கு உள்ளே காலி மனை... அதில் மூன்று பேர் தரையைப் பார்த்தபடி நிற்கிறார்கள்.  சீப்பால் வாரிவிட்டதுபோல் மண் கோடு கோடாகக் கிடக்கிறது. அதைத்தான் பார்க்கிறார்கள்.

மூவரில் ஒருத்தி என் சிநேகிதனின் அக்கா. கூடப் பிறந்தவள், ஒன்றுவிட்ட உறவில்லை. அவள் அவனிடம் சொன்னாள், அவன் என்னிடம் சொன்னான். பெயர் வேண்டாம். நமக்கும் அவள் அக்காவாகவே இருக்கட்டும். கதை கேட்கிறவர்களில் யாராவது அந்தக் கதவைச் சாத்துங்கள்... சரி.

அக்கா வக்கீல். ஆனால் அந்த வழக்கில் அவள் யாருக்கும் வக்கீல் இல்லை. கோர்ட் அனுப்பிய கமிஷனர். வழித் தகராறு என்றால் நீதிபதி தானே கிளம்பிப் போய்ப் பார்க்க மாட்டார். ஒரு வக்கீலை அனுப்புவார். போய், அளந்து, கண்ணால் கண்டதை எழுதிக் கொடுக்க வேண்டும். அவ்வளவுதான் வேலை. யார் பக்கம் நியாயம் என்று எழுதக் கூடாது. காதில் விழுந்ததை எழுதக் கூடாது. ஒரு தரப்புக்குத் தெரியாமல் இன்னொரு தரப்போடு போய்ப் பார்க்கக் கூடாது. அக்கா இதில் இம்மி பிசக மாட்டாள். கோர்ட்டில் அவளுக்குப் பட்டப்பெயர் முழக்கோல்.

தகராறு இதுதான். மண் சாலைக்கும் ஒரு சின்ன வீட்டுக்கும் நடுவில் அந்தக் காலி மனை. மனை மரக்கடைக்காரருடையது. வீடு, பேக்கரியில் அடுப்பு வேலை பார்த்த ஒருவருடையது. அவரை எல்லோரும் ரொட்டிக்காரர் என்பார்கள். மனைக்குக் குறுக்கேதான் வருஷக்கணக்காக அவர் வீட்டுக்குப் போய் வந்தார். ஒருநாள் நின்ற நிலையில் விழுந்து செத்துப்போனார். அடக்கம் முடிந்த கையோடு மரக்கடைக்காரர் வீட்டை ஒட்டி ஆளுயரச் சுவர் எழுப்பினார். சாலைப் பக்கம் கேட் போட்டார். டிராக்டர் விட்டு மனையை உழுதார். இங்கே பாதையே இருந்ததில்லை என்றார். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்த கதை.

ரொட்டிக்காரர் மனைவி கேஸ் போட்டாள். அவளுக்கு வேறு போக்கு இல்லை. வீட்டுக்குப் பின்னால் சாக்கடைக் கால்வாய். அதன் மேல் ஒற்றைப் பலகை. பள்ளிக்கூடம் போகும் மகளைக் கையைப் பிடித்து அதில்தான் நடத்திக் கூட்டிப் போகிறாள். மழை வந்தால் பலகை முழுகிவிடும். வழி இல்லாத வீட்டை யார் வாங்குவார்? மரக்கடைக்காரர்தான். அவர் சொன்னதுதான் விலை. அக்கா 'பாதை இல்லை' என்று எழுதினால் வீடு போயிற்று.

முதல் தடவை அவள் பார்க்கப் போனது பட்டப்பகலில். மரக்கடைக்காரர் தன் வக்கீலோடு வந்திருந்தார். அந்த வக்கீல் குண்டு. சதா சிரித்த முகம். ரொட்டிக்காரர் மனைவியின் வக்கீல் வேறு கோர்ட்டில் மாட்டிக்கொண்டார். அவள் சுவருக்கு அந்தப் பக்கம் முக்காலி போட்டு ஏறி, கழுத்து மட்டும் தெரிய நின்றாள். கேட் வழியாக உள்ளே வரச் சொன்னதற்கு மாட்டேன் என்றுவிட்டாள்.

“அது அவர் கேட்டு. என் வழி திறக்கிற அன்னிக்கு நடந்து வர்றேன்.”

அக்கா குனிந்து பார்த்தாள். பாதை என்று சொல்ல ஒரு அடையாளமும் இல்லை. வாரிய மண்தான்.

“இதுல ஏதாவது விதைச்சிருக்கீங்களா?”

“இல்லீங்க கமிஷனரம்மா. சும்மா கிடக்கிற இடம்.”

“அப்புறம் எதுக்கு வாரி விட்டிருக்கீங்க? இன்னிக்குக் காலையில வாரின மாதிரி இருக்கே.”

“சுத்தமா இருக்கட்டும்னுதான்.”

“மண்ணா?”

குண்டு வக்கீல் குறுக்கே விழுந்தார். “எங்க கட்சிக்காரருக்குச் சுத்தம்னா உயிர், மேடம். விளக்குமாத்தையே குளிப்பாட்டிட்டுதான் வீடு பெருக்குவார்.”

அக்கா சிரிக்கவில்லை. மண் புதிதாக வாரப்பட்டிருக்கிறது, பாதையின் தடயம் எதுவும் கண்ணில் படவில்லை என்று குறித்துக்கொண்டாள். சுவருக்கு மேலிருந்து குரல் வந்தது.

“என்னம்மா எழுதுறீங்க?”

“பார்த்ததை.”

“சாயங்காலம் ஆறே முக்காலுக்கு வந்து பாருங்க.”

“எதைப் பார்க்க?”

“நான் சொன்னா எழுதுவீங்களா?”

“மாட்டேன்.”

“அப்ப வந்து பாருங்க.”

அக்காவுக்கு அந்தப் பதில் பிடித்திருந்தது. முறைப்படி இரு தரப்புக்கும் மறுபடி நோட்டீஸ் கொடுத்தாள். அடுத்த வாரம், மாலை ஆறே முக்கால்.

“தாராளமா வாங்க மேடம்,” என்றார் குண்டு வக்கீல். “இருட்டினா பாதை முளைக்குதான்னு நாமளும் பார்த்துடுவோம்.”

மரக்கடைக்காரர் மட்டும் சிரிக்கவில்லை.

இப்போது அந்த ஆறே முக்காலுக்கு வருவோம்.

வெளிச்சம் இன்னும் கொஞ்சம் இருந்தது. காகங்கள் அடங்கிவிட்டன. கேட்டை உள்பக்கமாகப் பூட்டிச் சாவியை மரக்கடைக்காரர் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார். அந்தம்மா சுற்றி வந்து மிதித்துவிடக் கூடாதாம். அந்தம்மாவோ சுவருக்கு அந்தப் பக்கம் முக்காலி மேல் நின்றிருந்தாள். அவள் தலையை எல்லோரும் பார்த்துக்கொண்டுதான் இருந்தார்கள்.

முதலில் வாசனை வந்தது. சூடான ரொட்டி... அடுப்பிலிருந்து அப்போதுதான் இழுத்தது. மேல்தோல் லேசாகக் கருகிய வாசனை.

“பக்கத்துல பேக்கரி இருக்கா என்ன? பசியைக் கிளப்புது,” என்றார் குண்டு வக்கீல்.

 பக்கத்தில் பேக்கரி கிடையாது.

பிறகு சத்தம்.

டிக்... டிக்... டிக்...

சைக்கிளை மிதிக்காமல் தள்ளிக்கொண்டு வந்தால் பின்சக்கரத்தில் கேட்குமே, அது. மண் சாலையில் வந்தது. சாலையில் யாரும் இல்லை. கேட் வரைக்கும் வந்து நின்றது. கேட்டில் சுற்றிய சங்கிலி ஒரு தடவை கிணுகிணுத்தது. பூட்டு போட்டபடியே தொங்கியது.

அடுத்த டிக், கேட்டுக்கு உள்ளே.

அக்கா மண்ணைப் பார்த்தாள். ஒரு கோடு விழுந்தது. மாவில் விரலை இழுத்தால் விழுமே, அப்படி. கோடு தானாக நீண்டது. அதன் பக்கத்தில் மண் அமுங்கியது. முதலில் குதிகால். பிறகு விரல் பக்கம். செருப்புத் தடம். ஓர் எட்டு தள்ளி அடுத்தது... அதற்கும் அடுத்தது. அவசரம் இல்லை. வேலை முடிந்து வீடு திரும்புகிற மனுஷனுடைய நடை.

அக்காவுக்கும் குண்டு வக்கீலுக்கும் நடுவில் அது போயிற்று. போன அந்த நொடியில் அக்காவின் இடது கன்னம் மட்டும் சுட்டது. அடுப்புக் கதவைத் திறந்தால் முகத்தில் அடிக்குமே, அந்தச் சூடு. உடனே ஆறிவிட்டது.

சுவரடியில் கோடு நின்றது. தடம் நின்றது. சைக்கிள் மணி ஒரே ஒரு தடவை...

ட்ரிங்.

அப்புறம் ஒன்றுமில்லை. வாசனையும் போய்விட்டது.

மரக்கடைக்காரர் முகத்தில் ஈயாடவில்லை. திடீரென்று சுவரைப் பார்த்துக் கத்தினார். “யோவ்! அதான் செத்துட்டியே! செத்தவனுக்கு எதுக்குய்யா வழி? அதெல்லாம் உன்னோடவே முடிஞ்சுபோச்சுய்யா!”

குண்டு வக்கீல் அவர் வாயைப் பொத்தப் பாய்ந்தார். வார்த்தை வெளியே வந்துவிட்டது. வழி இருந்தது என்று பிரதிவாதியே ஒப்புக்கொண்ட மாதிரிதான். வேறு கமிஷனராக இருந்தால் பேனாவை எடுத்திருப்பார். அக்கா எடுக்கவில்லை. அது காதில் விழுந்தது.

  “ஓடிடலாம்னுதான்டா இருந்துச்சு,” என்று பிறகு தம்பியிடம் சொன்னாளாம். “ஆனா நான் ஓடிட்டா, பார்த்ததை யார் எழுதுறது?”

பையிலிருந்து டேப்பை எடுத்தாள்.

“சார், இந்த முனையைப் பிடிங்க.”

“மேடம்... நான் எதுக்கு...”

“பாதை முளைக்குதான்னு பார்க்க வந்தவர் நீங்கதானே? முளைச்சிருக்கு. பிடிங்க.”

பிடித்தார்.  அக்கா அளந்தாள். கேட்டிலிருந்து சுவர் வரை. கோட்டின் அகலம். செருப்பின் நீளம். போனில் படம் எடுத்தாள். பிறகு குறித்ததை உரக்கப் படித்தாள். கேட் பூட்டியிருந்தது. உள்ளே மூவர் மட்டும். வாதி சுவருக்கு அப்பால். ஆள் எவரும் கண்ணில் படாத நிலையில், ஒரு சக்கரக் கோடும் செருப்புத் தடங்களும் ஒன்றன்பின் ஒன்றாக மண்ணில் விழக் கண்டேன்.

“ரெண்டு பேரும் கையெழுத்துப் போடுங்க.”

“நான் போட மாட்டேன்,” என்றார் மரக்கடைக்காரர்.

“விழுந்ததைப் பார்த்தீங்களா இல்லையா?”

“பார்த்தேன்...”

“பார்த்ததுக்குத்தான் கையெழுத்து. பேய்க்கு இல்ல.”

சாவி அவரிடம் இருந்தது. கேட் தடத்தின் மறுமுனையில் இருந்தது. அந்தத் தடத்தை ஒட்டி நடந்து வெளியே போக அவருக்கு அக்காவின் துணை வேண்டும். போட்டார்.

குறிப்பேட்டை மூடிவிட்டு அக்கா சுவரை அண்ணாந்து பார்த்தாள். இனிக் கேட்பது எழுதுவதற்கு இல்லை.

“தினமுமா?”

“தினமும்தாம்மா. வருவார், மணி அடிப்பார். சுவரு இருக்கிறது கண்ணுக்குத் தெரியலையான்னு கேட்பேன். பதில் வராது.” அவள் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். “ரொம்ப வருஷம் முந்தி கோர்ட் வாசல்ல ஒரு வக்கீலைக் கேட்டிருக்கார். விடாம நடந்தாத்தான் வழி உங்களுது, நடுவுல நிறுத்தினா போச்சுன்னு அவர் சொல்லியிருக்கார். அதுலேர்ந்து ஒரு நாள் விடலை. காய்ச்சல்ல கிடந்தாலும் எழுந்து சைக்கிளைத் தள்ளிட்டு சாலை வரைக்கும் போயி, திரும்பி வருவார். பித்தா உங்களுக்குன்னு கத்துவேன். வழி போயிடும்டிம்பார்.”

சட்டத்தில் அவ்வளவு கண்டிப்பு கிடையாது. காய்ச்சல் வந்தால் படுத்துக்கொள்ளலாம். அதை யாரும் அந்த மனுஷனுக்குச் சொல்லவில்லை. செத்த பிறகும் நடந்தால் கணக்கில் வருமா என்று சட்டம் யோசித்ததும் இல்லை.

“எந்த வக்கீல் சொன்னாராம்?” என்றாள் அக்கா.

“பேரு தெரியாதும்மா. குண்டா, சிரிச்ச முகமா ஒருத்தர்னு சொன்னார்.”

குண்டு வக்கீல் டேப்பின் முனையைக் கீழே விட்டார். அதற்குப் பிறகு அவர் அந்த வழக்கில் ஆஜராகவில்லை.

அக்காவின் சீனியர் வக்கீலுக்கு விஷயம் எட்டியது. கூப்பிட்டு உட்கார வைத்தார்.

“ஏம்மா முழக்கோல், நல்லா இருக்கிற கையால உன் தலையிலயே ஏன் மண்ணை வாரிப் போட்டுக்கிற? தடம் இருந்துச்சுன்னு எழுது. அதோட நிறுத்து.”

“அதோட நிறுத்தினா, அந்தம்மா ராத்திரி வந்து மிதிச்சுட்டுப் போச்சுன்னு சொல்லுவாங்க சார். பாதி சொன்னா அது முழுப் பொய்.”

“பைத்தியம்னு பட்டம் கட்டிடுவாங்க. அப்புறம் உன் வாசல்ல ஒரு கட்சிக்காரன் நிக்க மாட்டான்.”

“நிக்காட்டி போறான். உக்கார நாற்காலி வாங்குற செலவு மிச்சம்.”

மரக்கடைக்காரரும் ஆள் அனுப்பிப் பார்த்தார். கமிஷனரம்மா வீட்டுக்கு நல்ல தேக்கில் ஒரு வாசல் கதவு செய்து தருகிறாராம். அக்கா வாசலிலேயே வைத்து வெட்டு ஒன்று துண்டு இரண்டாகச் சொல்லி அனுப்பினாள். “எனக்குக் கதவும் இருக்கு, வழியும் இருக்கு. இல்லாதவங்களுக்குப் போய்க் கொடுக்கச் சொல்லு.”

அறிக்கையில் ஒரு எழுத்தையும் அவள் மாற்றவில்லை.

கோர்ட்டில் அதைப் படித்தபோது பின்வரிசை சிரித்தது. மரக்கடைக்காரருக்குப் புது வக்கீல். அக்காவைக் கூண்டில் ஏற்றினார்.

“நடந்தது யாரு?”

“தெரியாது. ஆளைப் பார்க்கலை.”

“ஆளில்லாம தடம் விழுமா?”

“விழுந்துச்சு.”

“இதை நாங்க நம்பணும்?”

“நம்பச் சொல்லி நான் எழுதலை. பார்த்ததை எழுதினேன். பக்கத்துல நின்னு பார்த்த உங்க கட்சிக்காரர் கையெழுத்தும் அதுல இருக்கு.”

புது வக்கீல் நீதிபதி பக்கம் திரும்பினார். “கண்ணால் காண்பதும் பொய்னு பெரியவங்க சொல்லியிருக்காங்க, ஐயா.”

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். “தீர விசாரிப்பதே மெய்னும் சொல்லியிருக்காங்க. பார்க்கிறது அவங்க வேலை. விசாரிக்கிறது என் வேலை. உங்க கட்சிக்காரரை ஏறச் சொல்லுங்க.”

மரக்கடைக்காரர் ஏறினார். கழுத்தைத் துடைத்துக்கொண்டார்.

“முதல் தடவை கமிஷனர் வந்தப்போ மண்ணு வாரியிருந்துச்சு. ஏன்?”

“சுத்தத்துக்குங்க ஐயா.”

“தினமும் வாருவீங்களா?”

“தினமும்ங்க.”

“தினமும் என்ன அசுத்தம் விழுது அங்க?”



“...தடம்ங்க ஐயா.”

“யாரோட தடம்?”

மரக்கடைக்காரர் தன் வக்கீலைத் திரும்பிப் பார்த்தார். 

“யாருமே நடக்காத இடம்னு எழுதிக் கொடுத்திருக்கீங்க. அப்ப தினமும் எதை அழிச்சீங்க?”

பின்வரிசை இப்போது சிரிக்கவில்லை.

தீர்ப்பு வந்தது. பாதையின் அகலத்துக்குச் சுவரை இடிக்க வேண்டும், கேட்டைத் திறந்து வைக்க வேண்டும், கமிஷனர் கூட இருந்து பார்க்க வேண்டும். அக்கா போனாள். கொத்தனார் கடப்பாரையைப் போடுமுன் உத்தரவை மரக்கடைக்காரருக்கு உரக்கப் படித்துக் காட்டினாள். 'வாதியும், வாதியின் குடும்பத்தாரும், அவர்களோடு வருவோரும் தடையின்றிச் சென்று வரலாம்.' எல்லா வழி வழக்கிலும் எழுதுகிற வாசகம்தான்.

“எழுதிட்டீங்கல்ல, நடக்கட்டும்,” என்று சொல்லிவிட்டு அவர் போய்விட்டார்.

சுவர் விழுந்தது. ரொட்டிக்காரர் மனைவி மகள் கையைப் பிடித்துக்கொண்டு வெளியே வந்தாள். கேட் வரை நடந்தாள். திரும்பி வீடு வரை நடந்தாள். தலையைக் குனியவில்லை.  கொத்தனார் கடப்பாரையை ஓரமாக வைத்துவிட்டு அவளுக்கு விலகி நின்றார்.

கொத்தனார் கூலி வாங்கிக்கொண்டு கிளம்பிய பிறகும் அக்கா கிளம்பவில்லை. வேலை முடிந்துவிட்டது. நோட்டீஸ் இல்லை, எழுதவும் ஒன்றுமில்லை. ஒரே ஒரு தடவை அவர் வீடு போய்ச் சேருவதைப் பார்க்க வேண்டும் என்று இருந்தது.

மகள் உள்ளே பாடம் எழுதிக்கொண்டிருந்தாள். தாய் வாசலில் விளக்கைப் போட்டுவிட்டு நின்றாள்.

ரொட்டி வாசனை வந்தது.

டிக்... டிக்... டிக்...

திறந்த கேட் வழியாக உள்ளே வந்தது. கோடு விழுந்தது. பக்கத்தில் செருப்பு. அதே நடை. சுவர் இருந்த இடத்தில் ஒரு கணம் தயங்கியது... தாண்டியது.

வாசலில் நின்றவள் சிரித்தாள். கண்ணில் தண்ணீர் கொட்டியது. “வாங்க. ஜெயிச்சாச்சுங்க.”

அக்காவுக்குக் கண் சும்மா இருக்காது, பழக்கம். கோட்டின் வலப்பக்கம் செருப்புத் தடம். அளந்து பார்த்த அதே தடம். இடப்பக்கம்...

இடப்பக்கமும் ஒரு வரிசை விழுந்துகொண்டு வந்தது.

வெறுங்கால். குதிகாலே பதியவில்லை. விரல்கள் மட்டும் நீளம் நீளமாக மண்ணில் ஊன்றி ஊன்றி வந்தன. அவர் நடைக்கு முந்தவும் இல்லை, பிந்தவும் இல்லை. 'அவர்களோடு வருவோரும்' என்று தான் உரக்கப் படித்தது அக்காவுக்கு ஞாபகம் வந்தது.

வாசலில் நின்றவளும் அதைப் பார்த்துவிட்டாள். சிரிப்பு நின்றது. அவள் பின்வாங்கவில்லை. கையைப் பின்னால் விட்டு, மகள் இருந்த அறையின் கதவை இழுத்துச் சாத்தினாள். வாசல் நிலையின் இரு பக்கமும் கையை ஊன்றி வாசலை அடைத்தாள்.

படிக்குக் கீழே கோடு நின்றது. சைக்கிள் ஸ்டாண்டு போடும் சத்தம்... டக். ரொட்டி வாசனைக்கு அடியில், நாள்பட்ட தண்ணீரின் வாடை.

“நீங்க வாங்க. இது உங்க வீடு.” அவள் குரல் நடுங்கவில்லை. “கூட வந்திருக்கிறது யாருங்க?”